ஸ்பீக்கருக்குப் பை

கோபிசெட்டிபாளையம்,
ஆனி மாதக் கடைசி.

அன்புள்ள அம்மிணிக்கு,

அண்ணன் எழுதுவது. வாட்ஸ்அப்பில் மூன்று பைகளின் படத்தைப் போட்டு, "எதை வாங்கட்டும்ணா?" என்று கேட்டிருந்தாய். மூன்றுமே வேண்டாம். போனில் இப்படிச் சொன்னால் கோபித்துக்கொள்வாய், காரணமும் முழுசாகச் சொல்ல முடியாது. அதனால்தான் கடிதம்.

உன்னிடம் இருப்பது ஜேபிஎல் பார்ட்டிபாக்ஸ் ஆன்-தி-கோ ஸ்பீக்கர். ஏழரைக் கிலோ. சாயங்காலமானால் அதை ஸ்கூட்டியில் வைத்துக்கொண்டு வள்ளி கும்மி சொல்லிக்கொடுக்க ஊர் ஊராகக் கிளம்பிவிடுகிறாய். கோயில் திடலோ பள்ளிக்கூட மைதானமோ, எங்கே போனாலும் மண் தரைதான். ஐம்பது பேர் சேர்ந்து அடி வைத்தால் புழுதி முழங்காலுக்கு எழும்பும். போதாக்குறைக்கு இனி ஆடிக்காற்று. பாலக்காட்டுக் கணவாய் வழியாக வரும் காற்று உங்கள் தாராபுரம் பக்கம் காற்றாலையை மட்டுமா சுழற்றுகிறது? காட்டு மண்ணையெல்லாம் வாரி வந்து வீட்டுக்குள் கொட்டுகிறதே!

ஆகவே உன் பெட்டிக்கு முதல் எதிரி தூசி. கடைக்காரர்கள் யாரைக் கேட்டாலும் "வாட்டர் ப்ரூஃப்" என்று ஒரே பாட்டுத்தான் பாடுவார்கள். உன் பெட்டி தண்ணீரை ஓரளவு தானே தாங்கும். அதற்கு ஐபிஎக்ஸ்4 என்று தரம் கொடுத்திருக்கிறார்கள். அதில் 4 என்பது தண்ணீருக்கு: எந்தப் பக்கமிருந்து தெறித்தாலும் பாதகமில்லை. எக்ஸ் நிற்பது தூசிக்கான இடத்தில். அங்கே எண் இல்லையென்றால் தூசிக்கு உத்தரவாதம் ஏதும் இல்லை என்று எடுத்துக்கொள். கையில் தூக்கிப் போகும் உருளை ஸ்பீக்கர்களில் சிலவற்றில் ஐபி67 என்று இருக்கும். அதில் 6 என்றால் தூசி புகவே புகாது. உன்னுடையது அந்த ஜாதி இல்லை.

உள்ளே தூசி போனால் என்ன ஆகும் என்று என் கடை மேஜைக்கு வந்து பார்த்தால் தெரியும். கோனுக்கு நடுவே, காந்தத்தின் பள்ளத்துக்குள் காயில் மேலும் கீழும் ஓடுகிறது. இரண்டு பக்கமும் இருக்கும் இடைவெளி ஒரு மில்லிமீட்டர்கூட வராது. நம் செம்மண்ணில் இரும்புத் துகள் கலந்திருக்கும். காந்தம் அதை இழுத்துப் பிடித்துக்கொண்டால் பிறகு விடாது. காயில் அதில் உரசி உரசி, மேலே பூசிய வார்னிஷ் போய், சத்தம் கரகரக்க ஆரம்பிக்கும். திருவிழாப் பெட்டிகளைப் பிரிக்கும்போது கறுத்துச் சுரண்டப்பட்ட காயில்களைத்தான் அதிகம் பார்க்கிறேன்.

இப்போது உன் படங்களுக்கு வருகிறேன். முதல் பையில் முன்பக்கம் பூராவும் வலை. பையோடு வைத்தே பாடவிடலாம் என்பது அதன் பெருமை. வலை வழியாகச் சத்தம் வெளியே வரும், புழுதி உள்ளே போகும். சிமெண்டுத் தரை மண்டபத்தில் பாடுகிறவர்களுக்கு அது சரி. இரண்டாவது ஓடு போல விறைப்பான ஈவிஏ பெட்டி. உருளை ஸ்பீக்கருக்கு அதைவிட நல்லது கிடையாது. உன் அளவுக்கு வாங்கினால் ஸ்கூட்டியில் பெட்டி உட்காரும், உனக்குக் கால் வைக்க இடம் இருக்காது. மூன்றாவது, பவானி ஜமுக்காளத்தில் தைத்தது. லட்சணம் என்றால் லட்சணம்! அரங்கேற்றத்தன்று பட்டுச்சேலையோடு தோளில் மாட்டினால் ஊரே பார்க்கும். ஆனால் அடி தாங்காது. ஐப்பசி மழையில் நனைந்தால் தண்ணீரைக் குடித்துவிட்டுக் காய மறுக்கும். ஆசையாக இருந்தால் அதில் ஒரு கைப்பை வாங்கிக்கொள், நானே காசு தருகிறேன்.

இன்னொரு சங்கதி, இதைக் கடைக்காரர் யோசிக்க மாட்டார். பெட்டி 49 சென்டிமீட்டர் நீளம். ஸ்கூட்டியில் படுக்க வைத்தால் இரண்டு பக்கமும் துருத்தும் என்று நீ நிமிர்த்தித்தான் வைக்கிறாய். அப்படியென்றால் வேகத்தடையில் விழும் குத்து முழுவதும் பெட்டியின் பக்கவாட்டில்தான் இறங்குகிறது. விற்கிற பைகளில் அடிப்பக்கத்துக்குத்தான் அட்டையும் கனத்த மெத்தையும் வைப்பார்கள், பக்கவாட்டில் ஒப்புக்கு ஒரு சன்ன ஸ்பாஞ்சு. உனக்கு அந்தப் பக்கவாட்டில்தான் கனம் வேண்டும்.

அதனால் நான் சொல்வது, தைத்துக்கொள்வோம். இங்கே கார் சீட் கவர் தைக்கும் ஒருவர் என் ஆம்ப்ளிஃபயர் உறைகளையெல்லாம் தைத்துக் கொடுப்பவர், கை சுத்தம். துணி 1680 டெனியர் பாலியஸ்டர் போடச் சொல்கிறேன். 9000 மீட்டர் நூல் எத்தனை கிராம் எடை என்பதுதான் டெனியர் கணக்கு, எண் கூடினால் நூல் தடிமன். உள்ளே சோபாவுக்குப் போடும் ஸ்பாஞ்சு ஆகாது. அது தண்ணீரை உறிஞ்சும், வருஷம் போனால் மாவாக உதிரும், அந்த மாவே கிரில்லுக்குள் போய்ச் சேரும். பாய் மாதிரி அடர்த்தியாக வரும் ஈவிஏ ஷீட்டைத்தான் வைக்க வேண்டும். சந்தேகம் வந்தால் ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பார், குடிக்காமல் உருண்டு ஓடும்.

தோள்வாரைப் பையின் மேல் விளிம்பில் மட்டும் வைத்துத் தைத்தால் ஏழரைக் கிலோ ஒரு நாள் அறுத்துக்கொண்டு விழும். வார் அடி வழியாகச் சுற்றி வந்து, சேரும் இடங்களில் சதுரம் போட்டு நடுவே பெருக்கல் குறியாகத் தையல் விழ வேண்டும். ஜிப் 10ஆம் நம்பர், உலோகப் பல் இல்லாத நைலான் ஜிப். அதன் மேல் ஒரு மடிப்புத் துணி தொங்கினால் காற்றில் வரும் தூசி நேராக இறங்காது. மண் அடைத்து ஜிப் மக்கர் பண்ணினால் மெழுகுவத்தியால் இரண்டு தேய் தேய். மைக்குக்கும் பவர் வயருக்கும் வெளியே தனி அறை. இரண்டையும் பெட்டியோடு போட்டால் போகும் வழியெல்லாம் கிரில்லில் இடித்துக்கொண்டே வரும்.

பெட்டியோடு வந்த தோள்வாரைக் கழற்றி வீட்டில் வைத்துவிடு. அதில் பாட்டில் திறக்க ஒரு இரும்பு வேறு வைத்திருக்கிறான். கும்மி வாத்தியாரம்மாவுக்கு அது எதற்கு? பைக்குள் கிடந்து பெட்டியைக் கீறத்தான் உதவும்.

பை வந்த பிறகும் வேலை இருக்கிறது. ஆட்டம் முடிந்ததும் பெயிண்ட் அடிக்கும் காய்ந்த பிரஷ்ஷால் கிரில்லைத் தட்டிவிட்டுத்தான் உள்ளே வை. இல்லையென்றால் பையே புழுதி மூட்டையாகிவிடும். பைக்குள் வைத்தபடி சார்ஜ் போடாதே, சூடு வெளியேறாமல் பேட்டரி சீக்கிரம் கெடும். வெயிலில் நிறுத்தின ஸ்கூட்டியிலும் விட்டுவிட்டுப் போகாதே. கறுப்புத் துணி சூட்டை இழுக்கும் என்று சாம்பல் நிறத்தில் தைக்கச் சொல்லப் போகிறேன். வேறு நிறம் வேண்டுமென்றால் இப்போதே சொல்.

அளவு எனக்குத் தெரியும் என்றாலும், நீயே டேப் பிடித்து நீளம், உயரம், கைப்பிடியோடு சேர்த்த அகலம் மூன்றையும் எடுத்து அனுப்பு. பெட்டியை நிமிர்த்தும்போது எந்தப் பக்கம் கீழே வருகிறது என்பதை ஒரு படம் எடுத்துப் போடு. ஆடி பிறந்தால் தையல்காரருக்குக் கோயில் பந்தல் வேலை வந்துவிடும், இந்தச் சனிக்கிழமைக்குள் அனுப்பிவிடு அம்மிணி.

அன்புடன்,
அண்ணன்