காதால் எடுத்த படங்கள்

எண்பதுகளில் எங்கள் பக்கத்துக் கல்யாண வீடுகளில் குழாய் ரேடியோ கட்டினால் முதலில் பிள்ளையார் பாட்டு, அடுத்து 'சங்கராபரணம்'. எங்கள் தெருவில் தெலுங்கு தெரிந்தவர் ஒருவரும் கிடையாது. ஆனாலும் பந்தியில் சாம்பார் வாளியோடு நடப்பவர்கூட அந்த மெட்டை முணுமுணுத்துக்கொண்டே போவார். படமும் அப்படித்தான் ஓடியது. தமிழ்க் குரல் சேர்க்காமல், தெலுங்குப் படமாகவே நம் ஊர்த் தியேட்டர்களில் ஓடியது. எடுத்தவர் கே. விஸ்வநாத் என்ற விவரமெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும்.

குண்டூர்ச் சீமையில், ரேபல்லெ பக்கத்தில் உள்ள பெதபுலிவர்ரு அவர் ஊர். 1930இல் பிறந்தவர். படிப்பை முடித்துவிட்டுச் சென்னை வாகினி ஸ்டுடியோவில் ஒலிப்பதிவுப் பிரிவில் வேலைக்குச் சேர்ந்தார். இந்த ஒரு தகவல்தான் அவர் படங்களுக்கே சாவி என்று எனக்குப் படுகிறது. பிறகு ஆதுர்த்தி சுப்பாராவிடம் உதவியாளர், 1965இல் 'ஆத்ம கௌரவம்' மூலம் இயக்குநர். படப்பிடிப்புத் தளத்துக்கு எப்போதும் காக்கி உடுப்பில்தான் வருவார். தானும் அங்கே ஒரு தொழிலாளிதான் என்ற எண்ணம்.

'சங்கராபரணம்' எடுத்தபோது கூட இருந்தவர்களை நினைத்தால் இன்றும் மலைப்பாக இருக்கிறது. ஒளிப்பதிவு பாலு மகேந்திரா. இசை நாகர்கோவில் கிருஷ்ணன்கோவில்காரரான கே.வி. மகாதேவன். சங்கீத வித்வான் சங்கர சாஸ்திரியாக நடித்த சோமயாஜுலு அரசாங்க உத்தியோகம் பார்த்துக்கொண்டே நாடகம் போட்டவர், நட்சத்திரமே அல்ல. மகள் பாடும்போது ஒரு சுரம் பிசகுகிறது. 'சாரதா!' என்று ஓர் அதட்டல். சங்கீதம் அறியாதவனுக்கும் அந்த இடத்தில் முதுகுத்தண்டு நிமிரும். எந்தச் சுரம் தப்பியது என்று நமக்குத் தெரியாது, ஆனால் தப்பியது என்று தெரியும். ஒலிப்பதிவு அறையில் காதைத் தீட்டியவர் எடுத்த காட்சி அது.

'சிரிவெண்ணெல'யில் நாயகன் பார்வையில்லாத புல்லாங்குழல் கலைஞன், நாயகி வாய் பேச முடியாத ஓவியர். ஒருவர் காட்டுவதை மற்றவர் காண முடியாது, ஒருவர் கேட்பதற்கு மற்றவர் பதில் சொல்ல முடியாது. இப்படி ஒரு கதையை யோசிக்கவே துணிச்சல் வேண்டும்.

'சலங்கை ஒலி'யில் எல்லோரும் கிணற்றுச் சுவர் மேல் கமல் ஆடுவதைச் சொல்வார்கள். எனக்கு அழைப்பிதழ்க் காட்சி. நாட்டிய விழாப் புத்தகத்தை ஜெயப்ரதா நீட்டுகிறார். பெரிய பெரிய கலைஞர்களின் படங்களை வியந்து வியந்து புரட்டிக்கொண்டே வருகிறவன், ஒரு பக்கத்தில் தன் படத்தையே பார்த்துவிடுகிறான். நீளமான வசனம் எதுவும் இல்லை. சிரிப்பும் அழுகையும் பிரித்தறிய முடியாமல் ஒன்றாக வருகின்றன. எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கிறது.

அவரைப் பழமையின் பக்கம் நிற்பவர் என்று சொல்வோர் உண்டு. எனக்கு அது ஒப்புதல் இல்லை. 'சப்தபதி'யில் அக்கிரகாரத்துப் பெரியவரே தன் பேத்தியை, அவள் மனம் நாடிய தலித் இளைஞனோடு அனுப்பிவைக்கிறார். அது 1981. 'ஸ்வயம் க்ருஷி'யில் சிரஞ்சீவி செருப்புத் தைப்பவர். பெரிய நாயகர்களை அந்த இடத்தில் உட்காரவைக்க எத்தனை பேர் முன்வந்தார்கள்?

2023 பிப்ரவரி 2ஆம் தேதி ஹைதராபாத்தில் விஸ்வநாத் காலமானார். 'சங்கராபரணம்' வெளியானதும் ஒரு பிப்ரவரி 2ஆம் தேதிதான், 1980இல். விஸ்வநாத் மறைந்து இரண்டு நாள் கழித்துச் சென்னையில் பாடகி வாணி ஜெயராமும் போய்ச் சேர்ந்தார். அந்தப் படத்துக்காகத் தேசிய விருது வாங்கிய குரல். அந்த வாரம் முழுக்க நான் கேட்டுக்கொண்டிருந்தது 'ஸ்வாதி கிரணம்' பாடல்களை. பாடும் சிறுவனுக்கு வாணி குரல் கொடுத்திருப்பார். ஊரே கும்பிடும் சங்கீத மேதையாக மம்முட்டி. அந்தப் பையனின் ஞானத்தைக் கண்டு குருவுக்குப் பொறாமை மூள்கிறது, கடைசியில் அது பிள்ளையின் உயிரையே குடிக்கிறது. சங்கர சாஸ்திரியைக் கோபுரத்தில் ஏற்றிவைத்த அதே மனிதர், பன்னிரண்டு வருடம் கழித்து, குருபீடத்தின் அழுக்கையும் கூசாமல் எடுத்துக் காட்டினார். 'சங்கராபரண'த்தைத் தலையில் வைத்துக் கொண்டாடிய நம் ஊர், இந்தப் படத்தை அந்த அளவுக்குப் பேசவில்லை. அது எனக்குப் பெரிய மனக்குறை.