பத்து கேலியன் லாக்கெட்

மந்திர உலகத்தைக் கற்பனை செய்து எழுதுகிறவர்கள் பலரும் அதில் ஒரு கள்ளச்சந்தையை வைத்துவிடுகிறார்கள். இருட்டுச் சந்து, முக்காடு போட்ட வியாபாரி, புட்டிக்குள் துடிக்கும் ஏதோ ஒன்று. பெரும்பாலும் அதோடு சரி. அந்தச் சரக்கை விற்கக் கூடாதென்று சொன்னது யார், பிடிபட்டால் என்ன ஆகும், என்ன விலை, அதைக் கொடுத்து வாங்க எவன் வருவான் என்று கேட்டால் பதில் இருக்காது. தடையே இல்லாத ஊரில் எதற்குக் கள்ளச்சந்தை? அது திருவிழாக் கடைதான்.

*

ஹாரி பாட்டர் கதைகளை எழுதிய ரௌலிங்கிடம் பதில் உண்டு. மந்திர அமைச்சகம் என்று ஒன்று இருப்பதால்தான் நாக்டர்ன் சந்து என்ற கள்ளச்சந்தைக்கு உயிர் வருகிறது. ஹாரி பாட்டர் இரண்டாம் புத்தகத்தில் (1998) பணக்கார மந்திரவாதி லூசியஸ் மால்ஃபாய் அந்தச் சந்திலிருக்கும் ‘போர்கின் அண்ட் பர்க்ஸ்’ கடைக்குப் போவது வாங்குவதற்கு அல்ல, விற்பதற்கு. அமைச்சகம் சோதனை போட்டுக்கொண்டிருக்கிறது. வீட்டில் இருக்கும் விஷங்களைத் தள்ளிவிட்டாக வேண்டும். கடைக்காரர் போர்கின் எதிரில் குழைகிறார். ஆள் வெளியே போனதும், மாளிகையில் பதுக்கியதில் பாதியைக்கூட நீ என்னிடம் விற்கவில்லை என்று கறுவுகிறார். இப்படி ஒரு முணுமுணுப்பு போதும், சந்தை நிஜமாகிவிடும்.

டிராகன் வளர்ப்புக்கு 1709-இலேயே தடை. அதனால் முட்டை மதுக்கடையில், சீட்டாட்டத்தில் கை மாறுகிறது. பறக்கும் கம்பளமும் தடைப் பட்டியலில். என் தாத்தாவிடம் பன்னிரண்டு பேர் உட்காரும் கம்பளம் இருந்தது என்று அமைச்சக அதிகாரி க்ரௌச் ஒருமுறை பெருமை பேசுகிறார். உடனே, அதெல்லாம் தடை வருவதற்கு முன்னால் என்று சேர்த்துக்கொள்கிறார். அதிகாரி என்றால் அப்படித்தான் பேசுவார்.

*

விலைகள்: ஹாரியின் மந்திரக்கோல் 7 கேலியன் (அந்த உலகத்துத் தங்க நாணயம்). யூனிகார்ன் மயிர் ஒன்று 10. அக்ரோமான்டுலா என்ற ராட்சதச் சிலந்தியின் விஷம் ஒரு பைன்ட் 100. (செத்த சிலந்தியைப் புதைக்கும் இடத்துக்குத் துக்கம் விசாரிக்க வரும் பேராசிரியர் ஸ்லக்ஹார்ன் விஷத்தைப் பிடித்துக்கொள்ளத்தான் வந்திருக்கிறார்.) சாபம் ஏறிய ஓப்பல் கழுத்தணி 1500.

*

ஸ்லிதரின் என்ற பழங்கால மந்திரவாதியின் லாக்கெட் கதையைத் தனியாக எழுதிவைக்க வேண்டும். ஏழு புத்தகங்களிலும் கள்ளச்சந்தையைப் பற்றி இதைவிடக் கச்சிதமான பாடம் இல்லை.

ஸ்லிதரின் வம்சத்து மெரோப் நிறைமாதக் கர்ப்பிணி, கந்தல் உடுத்தியவள், புருஷன் விட்டுப் போய்விட்டான். பரம்பரைச் சொத்தான லாக்கெட்டை அதே ‘போர்கின் அண்ட் பர்க்ஸ்’ கடையின் காரக்டகஸ் பர்க்கிடம் கொண்டுபோகிறாள். அது என்னவென்று பர்க்குக்குத் தெரியும். என்ன பெறுமென்று அவளுக்குத் தெரியாது. கொடுத்தது 10 கேலியன். ஒரு மந்திரக்கோல் விலைக்கு மேல் மூன்று. வாழ்நாளிலேயே நல்ல பேரம் என்று பர்க் பின்னால் சந்தோஷப்படுகிறார். அதே லாக்கெட்டை ஹெப்ஸிபா ஸ்மித் என்ற பணக்காரக் கிழவி அவரிடமிருந்து பெருந்தொகை கொடுத்து வாங்குகிறாள்.

மெரோப்பின் மகன் டாம் ரிடில் வளர்ந்து அந்தக் கடைக்கே வேலைக்குச் சேர்கிறான். பழம்பொருள் வைத்திருப்பவர்களிடம் நயமாகப் பேசி விற்கவைப்பதுதான் வேலை. ஹெப்ஸிபா அவனிடமே லாக்கெட்டை எடுத்துக் காட்டி, யாரோ கந்தல்காரி எங்கோ திருடிக்கொண்டு வந்து விற்றதாம் என்கிறாள். தன் தாயைப் பற்றித்தான் பேசுகிறாள் என்பது அவனுக்குப் புரிகிறது. அடுத்த சில நாளில் ஹெப்ஸிபா பிணம். லாக்கெட்டும் இல்லை.

கடைசிக் கைமாற்றத்தை இன்னும் பெரிய விஷயமாக நினைக்கிறேன். பின்னாளில் பிளாக் என்ற குடும்பத்து வீட்டுக்கு வந்து சேர்ந்த லாக்கெட்டைத் திருடும் மண்டங்கஸ் ஃப்ளெட்சர், திருட்டுச் சாமான்களோடு தெருவில் கடை விரிக்கிறான். அமைச்சகத்து டோலரஸ் அம்ப்ரிட்ஜ் வந்து நின்று லைசென்ஸ் இருக்கிறதா என்கிறாள். இல்லை. அபராதம் போடப் போனவள் கண்ணில் லாக்கெட் படுகிறது. வாங்கிக்கொண்டு அவனை விட்டுவிடுகிறாள். பிறகு அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு, அதிலுள்ள எழுத்து தன் தூய ரத்தத்துக்குச் சான்று என்று பீற்றிக்கொள்கிறாள். அதே கோலத்தில் விசாரணை மேடையில் உட்கார்ந்து, மந்திரவாதிக் குடும்பத்தில் பிறக்காத ஒரு பெண்ணைப் பார்த்து, இந்த மந்திரக்கோலை யாரிடமிருந்து எடுத்தாய் என்று கேட்கிறாள்.

நாக்டர்ன் சந்தில் இல்லாத அழுக்கு அந்த மேடையில் இருக்கிறது.

*

ரௌலிங் உலகத்தில் கோப்ளின்கள் என்ற குள்ள இனத்தின் கணக்கு வேறு. ஒரு பொருள் அதைச் செய்தவனுக்கே சொந்தம். காசு கொடுத்தவன் வைத்திருப்பது அவன் ஆயுள்வரைக்கும்தான். செத்ததும் திருப்பித் தர வேண்டும். அவர்கள் பார்வையில் மந்திரவாதிகளின் குடும்ப நகைப்பெட்டியே திருட்டுச் சரக்குக் கிடங்கு. ரௌலிங் இதை இன்னும் தோண்டியிருக்கலாம்.

*

பணமில்லாத சந்தைகள். கிறிஸ்டினா ரோசெட்டியின் ‘கோப்ளின் மார்க்கெட்’ (1862): லாரா கோப்ளின்களிடம் ஒரு சுருள் பொன்முடியைக் கொடுத்துப் பழம் வாங்கித் தின்கிறாள், பிறகு ஏங்கியே தேய்கிறாள். சகோதரி லிஸி அவளைக் காப்பாற்ற வெள்ளிக்காசோடு போகிறாள். காசு வேண்டாம், உட்கார்ந்து எங்களோடு தின்னு என்கிறார்கள், மறுத்தால் அடி. காசை மறுக்கும் வியாபாரியைவிடப் பயங்கரமானவன் யார்?

டன்சனி பிரபுவின் பாரிஸ் கதை ஒன்றில் (1916-இல் வந்த தொகுப்பில் இருக்கிறது) துன்பங்களை மாற்றிக்கொள்ளும் கடை வருகிறது. காசு நுழைவதற்கு மட்டும்தான், 20 ஃப்ராங்க். உன் கஷ்டத்தைக் கொடுத்துவிட்டு வேறொருவன் கஷ்டத்தை எடுத்துக்கொள்ளலாம். கதைசொல்லி கடற்பயணத்தில் குமட்டுமோ என்ற தன் பயத்தைக் கொடுத்து, இன்னொருவனின் லிஃப்ட் பயத்தை வாங்கிக்கொள்கிறான். திரும்பப் போனால் கடையைக் காணோம். மாயம் கொஞ்சம், வியாபாரம் நிறைய, அதனால்தான் நிற்கிறது.

நீல் கெய்மனின் ‘நெவர்வேர்’ (1996) நாவலில் லண்டனுக்கு அடியில் வாழ்பவர்களின் மிதக்கும் சந்தை, ஒரு தடவை ஹாரட்ஸ் கடைக்குள், இன்னொரு தடவை எச்.எம்.எஸ். பெல்ஃபாஸ்ட் கப்பலில் கூடுகிறது. அங்கே பகையாளிகள்கூட அடித்துக்கொள்ளக் கூடாது. சாக்கடை ஜனங்கள் பிணம் விற்கிறார்கள். சுற்றிப் பார்க்க இதைவிட நல்ல சந்தை எந்தக் கதையிலும் இல்லை. ஆனால் அங்கே யாரும் யாருக்கும் ஒளியவில்லை, ரெய்டு வராது. அதனால் கள்ளச்சந்தை என்ற கணக்கில் என் ஓட்டு பர்க்கின் கடைக்குத்தான்.