பாட்டனாரின் எழுத்தாணி

எங்கள் பாட்டனார் செப்புத் தகட்டில் சக்கரம் வரைந்து கொடுப்பார். அதைச் சுருட்டிக் குப்பியில் அடைத்துக் கழுத்தில் கட்டினால் சுரம் நீங்கும் என்பது ஊரார் நம்பிக்கை. ஆற்றல் மந்திரத்தில் இல்லை, அவரது இரும்பு எழுத்தாணியில்தான் இருக்கிறது என்போரும் உண்டு.

திருமந்திரத்தின் நான்காம் தந்திரம் இத்தகைய சக்கரங்களை விரித்துரைக்கிறது. ஸ்ரீசக்கரமோ 9 முக்கோணங்களின் பின்னல். மேல்நோக்கியவை 4, கீழ்நோக்கியவை 5. அவை ஒன்றையொன்று வெட்டுகையில் 43 சிறு முக்கோணங்கள் பிறக்கும். கோடு மயிரிழை பிசகினாலும் கணக்குத் தப்பும். பாட்டனார் மூச்சடக்கி வரைவார். (அலுவலகக் கோப்புகளில் நான் அவ்வளவு கவனம் காட்டியதில்லை.)

எட்டு வயதில் அந்த எழுத்தாணியைத் திருட்டுத்தனமாக எடுத்துக் கருங்கல்லில் என் பெயரைக் கீறினேன். முனை முறிந்தது. ஓசைப்படாமல் உறையிலிட்டு வைத்தேன். அன்றிரவே அடுத்த தெருப் பெண்ணொருத்தி, சுரத்தில் துவளும் குழந்தையோடு வந்து நின்றாள். பாட்டனார் உறையை உருவினார். என்னை ஒருமுறை பார்த்தார். பிறகு, அவள் காணாதவாறு பாட்டியின் கோணியூசியை எடுத்து வரைந்தார். "விடிந்ததும் குழந்தையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோ அம்மா" என்றார். வழக்கமாக அவர் அப்படிச் சொல்பவரல்லர்.

குழந்தை பிழைத்தது. எல்லாம் அந்த எழுத்தாணியின் மகிமை என்றாள் தாய். நாங்கள் இருவரும் வாய் திறக்கவில்லை.

முனையற்ற அவ்விரும்பு இன்று தில்லியில் என் மேசை இழுப்பறையில் கிடக்கிறது.