கடலடிப் பாறையும் நம் போர்வெல்லும்

மாமல்லபுரத்து ரதங்களைச் செதுக்கியது போன்ற கெட்டிப் பாறைதான் நம் வட்டாரத்தில் மண்ணுக்கு அடியிலும். போர் போட்டால் வெடிப்பு சிக்க வேண்டும், சிக்காவிட்டால் புழுதிதான். கடலுக்கடியில் எரிவாயு தேடிய ஒரு கம்பெனிக்கும் இதே பாடுதான்.

ஹிந்துஸ்தான் ஆயில் எக்ஸ்ப்ளோரேஷன் கம்பெனி, சென்னையில் தலைமை அலுவலகம் உள்ளது. எண்ணெய் தேடுவது அரசாங்க வேலை என்றிருந்த 1983-ல் இதைத் தொடங்கியவர், எச்.டி.எஃப்.சி-யை நிறுவிய எச்.டி.பாரேக். நமக்குத் தெற்கே, காவிரிப் படுகைக் கடலில் உள்ள பி.ஒய்-1 வயலில் 2009-ல் எரிவாயு எடுத்து, குழாய் வழியே பிள்ளைப்பெருமாள்நல்லூர் கரைக்குக் கொண்டுவந்தார்கள்.

அங்கே வாயு இருந்தது வெடிப்பு விட்ட கிரானைட் பாறையில். வெடிப்புகள் எவ்வளவு தூரம் போகின்றன, ஒன்றோடொன்று சேர்கின்றனவா என்பதை மேலிருந்து திட்டமாகச் சொல்ல முடியாது. எதிர்பார்த்த அளவு வரவில்லை. பெரிய பங்குதாரரான இத்தாலியின் எனி பின்னர் விலகிக்கொண்டது. 2017-ல் அஸ்ஸாமின் திரோக் வயலில் உற்பத்தி தொடங்கிய பிறகுதான் கம்பெனி நிமிர்ந்தது.

தை மாதம் திருக்கழுக்குன்றம் பக்கத்து விவசாயி ஒருவர் வந்தார். “சார், புது போர்ல ரெண்டு இஞ்ச் தண்ணி கொட்டுது. நகையை வெச்சு நவரைக்கு மூணு ஏக்கரும் நெல்லு வெச்சுடலாமா?”

“எத்தனை நாளா ஓட்டுறீங்க?”

“முந்தாநேத்துலேர்ந்து.”

இவருக்கு அஸ்ஸாமில் இன்னொரு வயல் கிடையாது. ஒரு ஏக்கர் நெல், மீதியில் உளுந்து என்றேன். மோட்டாரைத் தொடர்ந்து ஓட்டி, எத்தனை மணி நேரத்தில் தண்ணீர் குறைகிறது, நிறுத்தினால் எவ்வளவு நேரத்தில் ஊறுகிறது என்று வைகாசி வரை நோட்டில் எழுதி வரச் சொல்லியிருக்கிறேன்.