சிகரெட் சூடும் ஒரு கேள்வியும்

ஹாருன் ஃபரோக்கி (1944–2014)... ஜெர்மன் ஆவணப்பட இயக்குநர். 1969-ல் எடுத்த 'அணைக்க முடியாத தீ' படத்தில், எரியும் சிகரெட்டைத் தன் கையிலேயே அழுத்திக்கொள்வார். சிகரெட் 400 டிகிரி, வியட்நாமில் போட்ட நேபாம் 3000 டிகிரி என்கிறது படம்.

அதிலேயே ஒரு குட்டிக்கதை. வாக்குவம் கிளீனர் ஆலைத் தொழிலாளி, மனைவிக்காகப் பாகங்களை ஒவ்வொன்றாகத் திருடிப் பொருத்துகிறார். வருவது துப்பாக்கி! அங்கே துப்பாக்கிதான் செய்கிறார்கள் என்று நம்பி மாணவன் ஒருவனும் திருடுகிறான். அவனுக்கு வருவது வாக்குவம் கிளீனர்!

2012–14-ல் வீடியோ கேம் காட்சிகளை ஆராய்ந்து 'பேரலல்' வரிசையை எடுத்தார். கடைசிவரை மனிதனையும் இயந்திரத்தையும் விடவே இல்லை.

கேம்பஸ் இன்டர்வியூவில் சம்பளம் கேட்கத் தயங்க மாட்டேன். "நான் செய்யும் பாகம் எதில் போய்ச் சேரும்?" என்று கேட்பேனா? தெரியலை. நீங்க கேட்பீங்களா?