இரவற் பெயர்களும் ஒரு முகமும்

கலைஞன் ஒருவன் தன் படைப்பிலே தன் பெயரை மறைத்து, இறந்துபோன இன்னொருவனின் பெயரைப் பொறிப்பது எதனால்? 1970களில் வெளிவந்த சில திரைப்படங்களின் நெறியாளர் பெயர் ‘கிளிபர்ட் பிறவுண்’ என்று காணப்படும். உண்மையான கிளிபர்ட் பிறவுண், 1956ஆம் ஆண்டு தமது 25ஆவது வயதில் மோட்டார் வண்டி விபத்தொன்றில் மாண்ட அமெரிக்க ஜாஸ் எக்காளக் கலைஞர். அவர் பெயரை இரவல் வாங்கியவர் ஸ்பானியரான ஹெசுஸ் பிராங்கோ. இருவரும் 1930ஆம் ஆண்டிற் பிறந்தவர்கள்.

பிராங்கோவை உலகம் திகிற்படங்களின் நெறியாளராகவே அறியும். 150க்கும் மேற்பட்ட படங்களை அவர் நெறிப்படுத்தினார். அவற்றுட் பல மலிவானவை. காமமும் குரூரமும் மலிந்தவை. அப்பெரும் குவியலின் அடியில் ஓர் இசைஞனும் ஒரு நடிகனும் மறைந்து கிடக்கின்றனர் என்பதைப் பலர் அறியார்.

மட்ரிட் நகரில் இசை மணம் கமழ்ந்த குடும்பமொன்றில் அவர் பிறந்தார். பத்து ஆண்டுகள் மூத்தவரான தமையனார் என்றிக்கே பிராங்கோ ஸ்பெயினின் மதிப்புமிக்க இசை விமர்சகராக விளங்கியவர். தம்பியோ இசையைக் கற்றும் ஜாஸின்பால் ஈர்க்கப்பட்டார். திரையுலகிற்கு அவர் வந்த வழியும் இசைதான். நாடகக் குழுவொன்றின் அலைச்சல் வாழ்வைச் சித்திரிக்கும் பார்டெமின் ‘கொமிக்கோஸ்’ (1954) படத்தின் இசையில் அவருக்கும் பங்குண்டு. பின்னர் தாமே நெறிப்படுத்திய படங்கள் சிலவற்றுக்கும் அவர் இசையமைத்தார். சிலவற்றிற் சிறு வேடங்களிலும் தோன்றினார்.

ஜாஸ் இசையின் உயிர்நாடி, எழுதிவைத்த சுரங்களுக்கு அப்பால் அக்கணத்திலேயே கற்பனை செய்து வாசிப்பதாகும். பிராங்கோ திரைப்படத்தையும் அவ்வாறே கையாண்டார். குறைந்த பணம், சில நடிகர், சில நாட்கள் இவையே அவருக்குப் போதுமாயிருந்தன. ஒரு கதையையே திரும்பத் திரும்ப எடுத்துப் புதிய உருவங்கொடுப்பது, ஜாஸ் கலைஞன் பழைய மெட்டொன்றை இரவுக்கிரவு மாற்றி வாசிப்பதற்கு ஒப்பானது. சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியில் தணிக்கையாளரின் கத்தரிக்கோலுக்கு அஞ்சி அந்நிய நாடுகளிற் படமெடுக்கச் சென்ற ஒருவருக்கு, இந்த அவசரம் ஒருவகை விடுதலையாகவும் இருந்திருக்க வேண்டும். ஆயினும் ஒன்றை மறுப்பதற்கில்லை. இசைஞனின் தவறிய சுரம் காற்றோடு கலந்து மறைந்துவிடும். படச்சுருளிற் பதிந்த தவறோ அழியாது நிற்கும்.

இனி நடிகனை நோக்குவோம். பேர்னாண்டோ பேர்னான் கோமெஸ் 1964இல் ‘எல் எக்ஸ்ட்ராஞோ வியாகே’ (விசித்திரப் பயணம்) என்ற படத்தை உருவாக்கினார். ஸ்பானியக் கிராமமொன்றிலே கண்டிப்பான மூத்த சகோதரி ஒருத்தியின் ஆட்சிக்கு உட்பட்டு ஒரு தம்பியும் ஒரு தங்கையும் வாழ்கின்றனர். வயதில் முதிர்ந்தும் உள்ளத்திற் குழந்தைகளாகவே இருக்கும் அவ்விருவரின் அச்சம் இறுதியிற் கொலையில் முடிகின்றது. தங்கையாக நடித்தவர் றபாயேலா அப்பாரிசியோ. வெனான்சியோ என்னும் தம்பியாக நடித்தவர் ஹெசுஸ் பிராங்கோ. பார்ப்போரைத் தம் படங்களால் நடுங்கவைத்த அவர், இங்கே தாமே நடுங்குகின்றார். ஒரு வீட்டுக்குள் அடங்கிக் கிடந்த அவ்வச்சத்தில் ஒரு நாட்டின் அச்சத்தையே காணலாம். எடுத்து முடித்துச் சில ஆண்டுகள் கழிந்த பின்னரே அப்படம் திரையிடப்பட்டது. அப்போதும் கவனிப்பாரற்றுப் போயிற்று. பிற்காலத்திலேதான் ஸ்பானியத் திரைப்படங்களுட் சிறந்த ஒன்றாக அது போற்றப்பட்டது.

இங்கேதான் அவர் வாழ்வின் முரண் புலனாகின்றது. எவருக்கும் கட்டுப்படாது தாம் விரும்பியவாறு படைத்தவை பல. அவற்றுள் எது நிற்கும், எது மறையும் என்ற விவாதம் இன்னும் ஓயவில்லை. இன்னொருவரின் நெறியாள்கைக்குத் தம்மை ஒப்புவித்து நடித்த அந்த ஒரு வேடம் விவாதத்துக்கு அப்பாற்பட்டு நிற்கின்றது. கட்டுப்பாடே கலை, சுதந்திரம் வீண் என்று இதிலிருந்து முடிவு கட்டுவது பிழையாகும். அந்தச் சுதந்திர வேட்கை இல்லையேல், அடங்கி ஒடுங்கிய ஒருவனின் அச்சத்தை அவர் அத்துணை நுட்பமாக உணர்த்தியிருக்க இயலுமா என்பதும் சிந்திக்கத்தக்கதே.

2009இல் ஸ்பானியத் திரைப்படக் கழகம் கௌரவ கோயா விருதை வழங்கி அவரைப் பாராட்டியது. 2013 ஏப்ரல் 2ஆம் நாள் மாலகா நகரில் அவர் காலமானார். இளமையிலே மறைந்த எக்காளக் கலைஞனுக்குக் கிட்டாத நீண்ட ஆயுள் அவருக்குக் கிட்டியது. அவ்வாயுள் முழுவதும் ஓயாது வாசித்துக்கொண்டேயிருந்தார் எனலாம். சுரங்கள் பல தவறின. வாசிப்பு மட்டும் நின்றதில்லை.