புகார் கொடுக்க வருபவரிடம் பாஸ்போர்ட் கேட்கலாமா?



வெளிநாட்டவர் என்றால் எங்கிருந்தோ வந்து இறங்கியவர் என்று நினைப்பது நம் காரைக்காலுக்குப் பொருந்தாது. 1954 நவம்பர் 1-இல் பிரான்ஸிடமிருந்து இந்தியாவுக்கு ஆட்சி கைமாறினாலும், 1956-இல் கையெழுத்தான ஒப்பந்தம் 1962 ஆகஸ்ட் 16-இல்தான் நடைமுறைக்கு வந்தது. பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ள விரும்பிய உள்ளூர்க்காரர்கள் அதிலிருந்து ஆறு மாதத்துக்குள் எழுதிக் கொடுக்க வேண்டும், எழுதிக் கொடுக்காதவர்கள் இந்தியர்கள் என்று ஏற்பாடு. பிரெஞ்சு ராணுவத்தில் பணியாற்றிய சொல்தா குடும்பங்கள் பலவற்றில் அண்ணன் பிரெஞ்சுக்காரராகவும் தம்பி இந்தியராகவும் ஆனது இப்படித்தான். பிறந்த தெருவிலேயே வெளிநாட்டவராக வாழ்கிறவர்கள் நமக்குப் புதிதல்ல. இந்தியாவின் பெரும்பாலான மாவட்டங்களில் எஸ்.பி.தான் வெளிநாட்டவர் பதிவு அதிகாரியும். பிரெஞ்சு பாஸ்போர்ட்டில் லீவுக்கு வரும் மாமாவை வீட்டில் தங்கவைத்தால் 24 மணி நேரத்துக்குள் அவரிடம் அதற்கான படிவம் கொடுத்தாக வேண்டும். சலிப்பான வேலைதான், ஆனால் இதை அடக்குமுறை என்று நான் சொல்ல மாட்டேன். வந்தவரை ஏட்டில் எழுதிக்கொள்ளும் வேலை போலீஸிடம் இருக்கட்டும். முகத்தையும் பேச்சையும் பார்த்து வெளிநாட்டவரைத் தேடிப் பிடிக்கும் வேலையையும் அதனிடமே கொடுத்தால், ஸ்டேஷனின் சொந்த வேலை கெட்டுப்போகும் என்பதுதான் என் வாதம்.

இப்போது இதை எழுதக் காரணம் இருக்கிறது. 1946-ஆம் ஆண்டு வெளிநாட்டவர் சட்டம் உள்பட நான்கு பழைய சட்டங்களை நீக்கிவிட்டு, குடியேற்றம் மற்றும் வெளிநாட்டவர் சட்டம் 2025 செப்டம்பர் 1-இல் நடைமுறைக்கு வந்திருக்கிறது. செல்லத்தக்க பாஸ்போர்ட், விசா இல்லாமல் நாட்டுக்குள் வந்தவருக்கு ஐந்து ஆண்டு வரை சிறை, ஐந்து லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். தலைமைக் காவலர் பதவிக்குக் குறையாத எந்தப் போலீஸ்காரரும் வாரண்ட் இல்லாமல் கைது செய்யலாம். தான் வெளிநாட்டவர் அல்ல என்று நிரூபிக்கும் பொறுப்போ பழைய சட்டத்தைப் போலவே சந்தேகத்துக்கு ஆளானவர் தலையில்தான். 2015 ஜனவரி 9-க்கு முன் இங்கே அடைக்கலம் புகுந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களுக்கு மத்திய அரசு விலக்கு அளித்தது நல்ல காரியம். ஆனால் 2022-இல் இலங்கைப் பொருளாதாரம் சரிந்தபோது படகேறி தனுஷ்கோடிக் கரையில் இறங்கியவர்கள் அந்தத் தேதிக்குள் வரமாட்டார்கள். நம் கடற்கரைக்கு எதிரே இருக்கும் நாட்டிலிருந்து இனி வரப்போகிறவர்களுக்கும் அந்த விலக்கு இல்லை.

இந்த அதிகாரம் உள்ளூர் போலீஸ் கையில் எப்படி வேலை செய்யும் என்று ஊகிக்க வேண்டியதில்லை. அசாமில் போலீஸுக்குள்ளேயே இதற்கென்று எல்லைப் பிரிவு ஒன்று பல ஆண்டுகளாக இயங்குகிறது. கார்கில் காலத்தில் ராணுவத்தில் இருந்து, ஓய்வுக்குப் பின் அதே எல்லைப் பிரிவில் பணியாற்றியவரையே 2019-இல் வெளிநாட்டவர் என்று அறிவித்துத் தடுப்பு முகாமில் அடைத்தார்கள். உயர் நீதிமன்றம் ஜாமீன் தந்தது. கண்ணில் பட்டவர் வீட்டுக் கதவைத் தட்டி 'நீ வெளிநாட்டவர் என்று சந்தேகிக்கிறோம்' என்று போலீஸ் சொல்ல முடியாது, சந்தேகத்துக்கு ஆதாரம் வேண்டும் என்று 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றமே சொல்ல வேண்டியிருந்தது. சொன்ன பிறகும் என்ன நடந்தது? 2025 ஜூனில் டெல்லியில் பிடிபட்ட, மேற்கு வங்கத்து பீர்பூம் மாவட்டக் கர்ப்பிணி ஒருவர் வங்கதேசத்துக்குள் தள்ளப்பட்டார். செப்டம்பரில் கல்கத்தா உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அவர் இந்திய மண்ணுக்குத் திரும்ப டிசம்பர் ஆயிற்று. வங்காளத்துக்கு நேர்ந்தது தமிழுக்கு நேராது என்று நம்புகிறவர்கள், நாகப்பட்டினத்துத் தமிழும் யாழ்ப்பாணத்துத் தமிழும் வடக்கே ஒரு தலைமைக் காவலரின் காதில் எப்படி விழும் என்று யோசிக்கட்டும்.

தவறாகப் பிடிபடுவது ஒரு பங்குதான். பெரிய நஷ்டம் கண்ணுக்குத் தெரியாதது: ஸ்டேஷனுக்கு வராமலே போகும் புகார்கள். பிரிட்டனில் லிபர்ட்டி, சவுத்ஹால் பிளாக் சிஸ்டர்ஸ் ஆகிய இரு அமைப்புகள் இதைப் புகாராகவே எழுப்பின. வீட்டில் அடிபட்ட பெண்களின் விவரங்களை போலீஸ் குடியேற்றத் துறைக்குக் கொடுப்பது அவர்களுக்குத் தீங்கு செய்கிறது, உடனே நிறுத்த வேண்டும் என்று 2020 டிசம்பரில் காவல்துறையை ஆய்வு செய்யும் அதிகாரபூர்வ அமைப்பே பரிந்துரைத்தது. போலீஸுக்கும் குடியேற்றத் துறைக்கும் இடையே முழுத் தடுப்புச் சுவருக்கு அந்நாட்டு அரசு இன்னும் ஒப்பவில்லை என்பது வேறு கதை. நான் வாழும் பிரான்ஸிலும் பெருமைப்பட அதிகமில்லை. விசா இல்லை என்ற ஒரே காரணத்துக்காக ஒருவரைக் குற்றவாளி போல் காவலில் வைக்கும் வழக்கத்தை, ஐரோப்பிய நீதிமன்றத் தீர்ப்புகளுக்குப் பிறகு 2012 டிசம்பர் சட்டம்தான் ஒழித்தது. பதிலுக்கு 16 மணி நேரம் நிறுத்திவைத்து விசாரிக்கும் முறை வந்தது. 2018-இல் அது 24 மணி நேரமானது. தோலின் நிறத்தைப் பார்த்து அடையாள அட்டை கேட்ட வழக்குகளில் அரசே பொறுப்பு என்று 2016 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இருந்தும் ஐரோப்பிய ஒன்றியத்தின் 2012 நெறிமுறை ஒரு விஷயத்தைத் தெளிவாக வைத்திருக்கிறது. குற்றத்தால் பாதிக்கப்பட்டவரின் உரிமைகள் அவருடைய விசா நிலையைப் பொறுத்தவை அல்ல.

கடலோர மாவட்டம், கடத்தல் படகு வரும், போலீஸ் கண்ணை மூடிக்கொள்வதா என்று கேட்பீர்கள். கேட்க வேண்டிய கேள்விதான். கடலில் படகை மறிக்கக் கடலோரக் காவல் படையும் கடலோர போலீஸும் இருக்கின்றன. அதற்கு நான் குறுக்கே நிற்கவில்லை. ஆனால் கடத்தலைப் பற்றிய முதல் துப்பு பெரும்பாலும் கடத்தப்பட்டவரிடமிருந்துதான் வர வேண்டும். அவரையே முதல் குற்றவாளியாக்கினால் அவர் ஏன் வாய் திறக்கப் போகிறார்? சட்டம் என்றால் எல்லாருக்கும் ஒன்றுதானே என்பது அடுத்த கேள்வி. ஆமாம், அடிபட்டவர் கொடுக்கும் புகாரைப் பதிவு செய்வதும் அதே சட்டம்தான். விசா முடிந்தவரைத் திருப்பி அனுப்ப அரசுக்கு உரிமை உண்டு. அதை நோட்டீஸ், விசாரணை, மேல்முறையீடு என்ற வரிசையில் பதிவு அலுவலகம் செய்யட்டும், ரோந்து போகும் காவலர் செய்ய வேண்டாம்.

புதுச்சேரி அரசுக்கும் காவல் துறைத் தலைமைக்கும் காரைக்கால்காரர்கள் கேட்க வேண்டியது பெரிதில்லை. புகார் கொடுக்கவோ சாட்சி சொல்லவோ வருபவரிடம் குடியுரிமை கேட்கக்கூடாது, அந்த விவரம் பதிவு அலுவலகத்துக்குப் போகக்கூடாது என்று எல்லா ஸ்டேஷன்களுக்கும் எழுத்தில் ஒரு உத்தரவு. புதிய சட்டம் அதைத் தடுக்கவில்லை. சட்டமன்ற உறுப்பினர்கள் வாக்குக் கேட்டு வரும்போது கேளுங்கள்.